பழைய ஸ்டிக்கர் கட்டிங் மென்பொருள் புதிய விண்டோஸில் ஏன் நின்றுபோகிறது?

விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14 அன்று நிறுத்திக்கொண்டது. விண்டோஸ் 11-ஓ, டி.பி.எம். 2.0 என்ற பாதுகாப்புச் சில்லும் ஓரளவு புதிய பிராசசரும் இல்லாத கணினியில் முறைப்படி ஏறாது. ஆகவே ஸ்டிக்கர் கட்டிங், நம்பர் பிளேட், ஃப்ளெக்ஸ், கடைப் பெயர்ப்பலகை என்று தொழில் செய்கிறவர்கள் புதிய கணினிக்கு மாறும்போது, பல ஆண்டுகளாகக் கைக்குப் பழகிய வடிவமைப்பு மென்பொருள் அதில் ஓடவில்லை என்ற சிக்கல் எழுகிறது. ஃப்ளெக்ஸிசைன், சைன்லேப், காஸ்மேட், கெர்பர் ஒமேகா, கோரல்டிராவின் தொடக்க காலப் பதிப்புகள் என்று எதன் பழைய பதிப்பை எடுத்தாலும் அடிப்படைக் காரணங்கள் ஒன்றேதான்.

அப்போது கடைக்காரர் காதில் விழும் விளக்கங்கள் பெரும்பாலும் மூன்று. "அந்த சாஃப்ட்வேருக்கு வயசாயிடுச்சு", "விண்டோஸ் லெவன் பழசையெல்லாம் பிளாக் பண்ணிடும்", "கிராக் வெர்ஷன் போட்டா ஓடும்". மூன்றும் தவறு, மூன்றாவது ஆபத்தும்கூட. மென்பொருள் என்பது எழுதி வைத்த கட்டளைகளின் தொகுப்பு. அதற்குத் தேய்மானம் கிடையாது. 1999-இல் குறுந்தகட்டில் பதியப்பட்ட கட்டளைகள் ஓர் எழுத்தும் மாறாமல் இன்றும் அப்படியே இருக்கின்றன. மாறியவை அதைச் சுற்றியிருந்தவை. எது மாறியதால் எந்த இடத்தில் தொடர்பு அறுந்தது என்று தெரிந்துகொண்டால், புதிய மென்பொருளுக்கோ புதிய இயந்திரத்துக்கோ பணம் கட்டுவதற்கு முன் அது உண்மையிலேயே தேவைதானா என்று முடிவு செய்யலாம்.

சமையல் மாஸ்டரும் மண்டபத்து ஸ்டோர் ரூமும்

கல்யாண மண்டபத்தில் சமையல் மாஸ்டர் தானே போய்ப் பொருள் எடுப்பதில்லை. ஸ்டோர் ரூமில் இருப்பவரிடம் "துவரம்பருப்பு ரெண்டு படி", "பெரிய அண்டா ஒண்ணு" என்று கேட்கிறார். அவர் எடுத்துக் கொடுக்கிறார். மாஸ்டரின் கைப்பக்குவம் எவ்வளவு சிறந்ததாக இருந்தாலும் கேட்ட பொருள் வந்தால்தான் பந்தி நடக்கும்.

கணினியில் அந்த ஸ்டோர்க்காரரின் வேலையைச் செய்வது இயங்குதளம். நினைவகம், திரை, வட்டு, வெளியே கருவிகளை இணைக்கும் போர்ட்டுகள் ஆகிய அனைத்தையும் தன் பொறுப்பில் வைத்துக்கொண்டு, மற்ற மென்பொருள்கள் கேட்கும்போது முறைப்படி எடுத்துக் கொடுக்கும் அடிப்படை மென்பொருளே இயங்குதளம். திரையில் ஒரு கோடு வரையவும், கோப்பைச் சேமிக்கவும், வெட்டும் இயந்திரத்துக்கு ஒரு கட்டளை அனுப்பவும் வடிவமைப்பு மென்பொருள் விண்டோஸிடம்தான் கேட்டாக வேண்டும்.

இப்போது அதே மாஸ்டர் புதிய மண்டபத்துக்குப் போகிறார். அங்கே இருப்பவருக்குப் படிக்கணக்கு தெரியாது, கிலோதான் தெரியும். இதைக் கணக்குப் போட்டு மாற்றிக்கொள்ளலாம். அங்கே விறகடுப்பு வைக்க இடமே இல்லை. இதற்கு மாற்று வழி கிடையாது. அங்கே மின்சார அறை பூட்டப்பட்டிருக்கிறது, அனுமதிச் சீட்டு உள்ளவர் மட்டுமே நுழையலாம். பழைய மென்பொருள் புதிய விண்டோஸில் சந்திக்கும் பெரிய தடைகள் இந்த மூன்று வகைக்குள் ஏறக்குறைய அடங்கிவிடும். உங்கள் சிக்கல் எந்த வகை என்று அறியாமல் செய்யும் செலவு பெரும்பாலும் வீண்.

16, 32, 64: மாற்றிக்கொள்ள முடிந்ததும் முடியாததும்

பிட் என்பது 0 அல்லது 1 என்ற ஓர் இலக்கம். பிராசசர் ஒரே தடவையில் எத்தனை இலக்கம் கொண்ட எண்ணைக் கையாள்கிறதோ அதை வைத்து 16 பிட், 32 பிட், 64 பிட் என்கிறோம். விண்டோஸ் 3.1 காலத்து மென்பொருள்கள் 16 பிட். 1995-இல் வந்த விண்டோஸ் 95-க்குப் பிறகு 32 பிட் பரவியது. கடைகளில் நெடுநாள் ஓடிய விண்டோஸ் எக்ஸ்பி பெரும்பாலும் 32 பிட்தான். விண்டோஸ் 7 இரண்டு வகையிலும் கிடைத்தது. 2021-இல் வந்த விண்டோஸ் 11 முழுக்க 64 பிட்; அதற்கு 32 பிட் பதிப்பே இல்லை.

இங்கேதான் பரவலான முதல் தவறு நடக்கிறது. "64 பிட் விண்டோஸில் 32 பிட் மென்பொருள் ஓடாது" என்று பலரும் உறுதியாகச் சொல்கிறார்கள். அது ஓடும். படியைக் கிலோவாக மாற்றுவதுபோல, 32 பிட் மென்பொருள் கேட்பதை 64 பிட் முறைக்கு மாற்றித் தருவதற்கென்றே வாவ்64 என்ற பகுதி விண்டோஸுக்குள் இருக்கிறது. சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ் என்ற பெயரில் இரண்டு ஃபோல்டர்கள் இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். எக்ஸ்86 என்ற பின்னொட்டு உள்ள ஃபோல்டர் இந்த 32 பிட் மென்பொருள்களுக்காகவே ஒதுக்கப்பட்டது.

16 பிட் மென்பொருளின் நிலை வேறு. 64 பிட் விண்டோஸ் எதிலும் அதற்கு இடம் வைக்கப்படவில்லை. இருமுறை கிளிக் செய்ததும் "திஸ் ஆப் கான்ட் ரன் ஆன் யுவர் பிசி" என்ற நீலப் பட்டை வருமானால், காரணம் பெரும்பாலும் இதுதான். உங்கள் மென்பொருள் எந்த வகை என்பதைப் பழைய எக்ஸ்பி கணினியிலேயே கண்டுபிடிக்கலாம். மென்பொருளைத் திறந்து வைத்துக்கொண்டு டாஸ்க் மேனேஜரில் பிராசஸ் பட்டியலைப் பாருங்கள். "என்.டி.வி.டி.எம்." என்ற பெயரின் கீழ் அது ஓடினால் 16 பிட், தன் சொந்தப் பெயரிலேயே ஓடினால் 32 பிட்.

இதில் ஒரு கண்ணி உண்டு. 1990களின் பிற்பகுதியில் மென்பொருள் 32 பிட்டாக மாறிய பிறகும், பலவற்றில் அதை நிறுவித் தரும் செட்டப் கோப்பு மட்டும் பழைய 16 பிட்டாகவே தொடர்ந்தது. அப்படிப்பட்ட சில செட்டப் கோப்புகளை 64 பிட் விண்டோஸ் அடையாளம் கண்டு, தன்னிடமுள்ள 32 பிட் பதிப்பை அதற்குப் பதிலாக ஓட்டிக்கொள்ளும். அடையாளம் தெரியாதவை வாசலிலேயே நின்றுவிடும். உள்ளே இருக்கும் மென்பொருள் நன்றாக ஓடக்கூடியதாக இருந்தும், செட்டப் ஓடவில்லை என்பதால் மென்பொருளே செத்துவிட்டது என்று தீர்ப்புச் சொல்லிவிடுகிறார்கள். இத்தகைய நிலையில் அந்த மென்பொருளின் அடுத்த சிறு பதிப்புக்கு 32 பிட் செட்டப் வந்ததா என்று தேடிப் பார்ப்பது பயன் தரும்.

இதுவரை பார்த்ததன் சாரம்: 32 பிட் மென்பொருள் விண்டோஸ் 11-இல் ஓடுவதற்கு அடிப்படையில் தடையில்லை, 16 பிட் மென்பொருள் நேரடியாக ஓடவே ஓடாது. இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

பூட்டிய அறை: டிரைவரும் டாங்கிளும்

பெயர்ப்பலகைத் தொழிலில் பெரும்பாலான மென்பொருள்கள் உண்மையில் நின்றுபோகும் இடம் இதுதான். ஆகவே இதைச் சற்று விரிவாகவே பார்க்க வேண்டும்.

விண்டோஸின் நடுவே, கருவிகளோடு நேரடியாகப் பேசும் உரிமை பெற்ற ஒரு பகுதி உண்டு. அதற்குக் கெர்னல் என்று பெயர். ஒரு குறிப்பிட்ட கருவியோடு எப்படிப் பேச வேண்டும் என்று விண்டோஸுக்குக் கற்றுக்கொடுக்கும் சிறு மென்பொருள் டிரைவர். டிரைவர்களில் பல கெர்னலுக்குள்ளேயே போய் உட்கார்ந்து வேலை செய்கின்றன. மேலே சொன்ன வாவ்64 மாற்றித் தரும் வேலையைக் கெர்னலுக்கு வெளியேதான் செய்யும். உள்ளே அது செல்லாது. எனவே 64 பிட் விண்டோஸின் கெர்னலுக்குள் 32 பிட் டிரைவர் எந்த நிலையிலும் நுழைய முடியாது. அது மட்டுமல்ல, 64 பிட் விண்டோஸ் விஸ்டாவிலிருந்து அங்கே நுழையும் டிரைவர்களுக்கு, வெளியிட்டவர் யார் என்று உறுதிசெய்யும் மின்னணுக் கையொப்பம் கட்டாயமானது. 2016-இல் வந்த விண்டோஸ் 10 பதிப்பு 1607 முதல், புதிய டிரைவர்களில் மைக்ரோசாஃப்டே கையொப்பமிட்டிருக்க வேண்டும் என்ற விதியும் சேர்ந்தது.

டாங்கிள் என்பது மென்பொருளை விலை கொடுத்து வாங்கியவர் மட்டுமே பயன்படுத்துவதற்காக, அதோடு சேர்த்துத் தரப்படும் பூட்டுக் கருவி. கடைகளில் அதை "லாக்" என்றே சொல்வார்கள். மென்பொருள் திறக்கும்போதும் இடையிடையேயும் டாங்கிளிடம் ஒரு கேள்வி கேட்கிறது. சரியான பதில் வந்தால் மட்டுமே தொடர்கிறது. அந்தக் கேள்வியும் பதிலும் டாங்கிளின் டிரைவர் வழியாகத்தான் போய் வர வேண்டும். டிரைவர் 32 பிட்டாக இருந்தால் புதிய கணினியில் அந்த வழி அடைபட்டுவிடுகிறது.

அப்போது தோன்றும் அறிகுறியைக் கவனியுங்கள். மென்பொருள் பிழையில்லாமல் நிறுவப்படும். திறக்கும்போது முகப்புப் படமும் வரும். அதன் பிறகு டாங்கிள் இல்லை என்று ஒரு செய்தி வரும்; அல்லது டெமோ நிலையில் திறந்து, சேமிக்கவும் வெட்டவும் விடாது. இங்கே மென்பொருள் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. கேட்ட கேள்விக்குப் பதில் வரவில்லை, அவ்வளவே.

யூ.எஸ்.பி. டாங்கிள் என்றால் நம்பிக்கைக்கு நிறைய இடம் உண்டு. அவற்றில் பலவற்றுக்கு, மென்பொருள் வந்த பிறகு 64 பிட் டிரைவர்கள் வெளியாகியுள்ளன. குறுந்தகட்டில் உள்ள பழைய டிரைவரை நிறுவாமல், டாங்கிளைத் தயாரித்த நிறுவனத்தின் இன்றைய டிரைவரைத் தேட வேண்டும். டாங்கிளின் மேல் ரெயின்போ, அலாதின், சேஃப்நெட் என்று எந்தப் பெயர் அச்சிடப்பட்டிருந்தாலும், அந்த நிறுவனங்கள் ஒன்றையொன்று வாங்கி, பின்னர் ஜெமால்டோவின் கைக்குப் போய், 2019-இல் தாலேஸ் நிறுவனத்திடம் வந்து சேர்ந்துவிட்டன. எனவே அவர்கள் விற்ற சென்டினல், ஹாஸ்ப் ஆகிய இரண்டு டாங்கிள் வகைகளுக்கும் இன்று தேட வேண்டிய இடம் தாலேஸ்தான்.

பேரலல் போர்ட் டாங்கிளின் நிலை கடினம். பழைய பிரிண்டர் கேபிள் செருகும் 25 ஊசி கொண்ட அகலமான துளையே பேரலல் போர்ட். இன்றைய கணினிகளில் பெரும்பாலும் அது இல்லை. கடையில் யூ.எஸ்.பி.-யைப் பேரலலாக மாற்றும் கேபிள் கிடைக்கும், அதை வாங்கிப் பொருத்தினால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். அந்தக் கேபிள் பெரும்பாலும் பிரிண்டருக்கென்றே செய்யப்பட்டது. பழைய டாங்கிள் முறையோ பேரலல் போர்ட்டின் முகவரிக்கு நேராகச் சென்று அதன் ஊசிகளைத் தொட்டுப் பார்க்கும் முறை. அந்த முகவரியே இல்லாத கேபிளால் பயன் இல்லை. மதர்போர்டில் செருகும் பேரலல் கார்டு சில வேளைகளில் உதவும். வாங்கும்போதே, ஓடாவிட்டால் திருப்பிக்கொள்வீர்களா என்று கேட்டு வாங்குவது நல்லது. மென்பொருள் நிறுவனம் இன்றும் இயங்கினால், பேரலல் டாங்கிளுக்கு ஈடாக யூ.எஸ்.பி. டாங்கிள் தருமா என்று வாங்கிய ரசீதோடு எழுதிக் கேட்க வேண்டும்.

சிலர் கையொப்பச் சோதனையையும் விண்டோஸ் 11-இல் உள்ள மெமரி இன்டெக்ரிட்டி என்ற பாதுகாப்பையும் நிரந்தரமாக அணைத்துவிட்டுப் பழைய டிரைவரை ஏற்றச் சொல்கிறார்கள். வாடிக்கையாளரின் கோப்புகளும் வங்கிக் கணக்கும் திறக்கப்படும் கணினியில் அதைச் செய்யவே கூடாது. 32 பிட் டிரைவராக இருந்தால், அணைத்தும் பயன் இல்லை.

கிராக் என்பது, டாங்கிளிடம் கேள்வி கேட்கும் பகுதியை யாரோ முன்பின் தெரியாதவர் வெட்டி எடுத்துவிட்டுத் தரும் பிரதி. அவர் வேறு எதை உள்ளே வைத்தார் என்று நமக்குத் தெரியாது. அதை ஓட்டுவதற்காக ஆன்ட்டிவைரஸையும் அணைக்கச் சொல்வார்கள். காசு கொடுத்து உரிமம் வாங்கிய ஒருவர் தன் தொழிலையே அந்தப் பிரதியின் கையில் ஒப்படைப்பதைப் பார்க்க வருத்தமாக இருக்கிறது.

வெட்டும் இயந்திரத்துக்குப் போகும் வழி

வினைல் தாளை வெட்டும் பிளாட்டர் பழையதாக இருந்தால் அதையும் தூக்கிப்போட வேண்டும் என்பது இன்னொரு தவறான முடிவு. பெரும்பாலான பிளாட்டர்கள் புரிந்துகொள்வது எச்.பி.ஜி.எல். என்ற மிக எளிய கட்டளை மொழியை. ஹியூலட்-பேக்கார்ட் நிறுவனம் 1970களில் பேனா பிளாட்டர்களுக்காக உருவாக்கிய மொழி அது. பேனாவைத் தூக்கு, இந்த இடத்துக்குப் போ, பேனாவை இறக்கு, அந்த இடம் வரை இழு என்பவையே அதன் பெரும்பகுதி. பேனா இருந்த இடத்தில் இன்று கத்தி இருக்கிறது. ஒரு மில்லிமீட்டருக்கு 40 அலகுகள் என்பது அதன் கணக்கு. ஆகவே 10 சென்டிமீட்டர் பக்கமுள்ள சதுரத்தை வெட்ட வேண்டுமென்றால், கத்தியை இறக்கி 4000 அலகு வலப்புறம், 4000 அலகு மேலே, 4000 அலகு இடப்புறம், 4000 அலகு கீழே என்று நான்கு கட்டளைகள் போகும்.

இந்த மொழியைப் பேசத் தெரிந்த எந்த மென்பொருளும் அந்த பிளாட்டரை இயக்கலாம். இலவசமாகக் கிடைக்கும் இங்க்ஸ்கேப்பும் எச்.பி.ஜி.எல். கோப்பாகச் சேமிக்கும், நேரடியாக பிளாட்டருக்கு அனுப்பும் வசதியும் அதில் உண்டு. புதிய மென்பொருளில் வெட்டிய சதுரத்தை ஸ்கேல் வைத்து அளந்து பாருங்கள். 10 சென்டிமீட்டருக்குக் கூடவோ குறையவோ இருந்தால், மென்பொருளின் அலகும் பிளாட்டரின் அலகும் ஒத்துப்போகவில்லை என்று பொருள். செட்டிங்கை மாற்றினால் சரியாகிவிடும்.

சிக்கல் பெரும்பாலும் கேபிளில்தான். பழைய பிளாட்டர்கள் 9 ஊசி சீரியல் போர்ட் வழியாக இணைந்தன. யூ.எஸ்.பி.-யைச் சீரியலாக மாற்றும் கேபிள் இங்கே நன்றாகவே வேலை செய்யும். பேரலல் டாங்கிளுக்கு நேர்ந்த கதி இதற்கு இல்லை. ஆனால் புதிய விண்டோஸ் அந்தக் கேபிளுக்கு காம்7, காம்9 என்று ஏதோ ஒரு போர்ட் எண் கொடுத்துவிடுகிறது. பழைய மென்பொருள்களில் பல, காம்1 முதல் காம்4 வரை மட்டுமே பட்டியல் காட்டும். டிவைஸ் மேனேஜரில் போர்ட்ஸ் பகுதிக்குப் போய், அட்வான்ஸ்டு செட்டிங்கில் எண்ணை காம்2 அல்லது காம்3 என்று மாற்றினால், ஓடாத மென்பொருள் ஓடத் தொடங்குவதுண்டு. கேபிளுக்குள் உள்ள சில்லு மிகப் பழையதாகவோ போலியாகவோ இருந்தால் புதிய டிரைவர் அதை ஏற்க மறுக்கும். அப்போது கேபிளை மட்டும் மாற்றினால் போதும்.

தமிழ் எழுத்துருவில் வரும் தனிச் சிக்கல்

தமிழ்ப் பலகை எழுதுகிறவர்களுக்கு மேற்சொன்னவற்றோடு இன்னொன்றும் சேர்கிறது. பாமினி போன்ற பழைய எழுத்துருக்களில், ஆங்கில எழுத்துக்கான இடத்தில் தமிழ் வடிவம் வரைந்து வைக்கப்பட்டிருக்கும். பாமினியில் நாம் பார்க்கும் "அ", கோப்புக்குள் ஆங்கிலச் சிறிய எம் எழுத்தாகவே பதிவாகியிருக்கிறது. யூனிகோடு என்பது உலக மொழிகளின் ஒவ்வோர் எழுத்துக்கும் தனித்தனி எண் கொடுக்கும் பொதுமுறை. தமிழ்நாடு அரசு 2010-இல் அதைத் தரமாக ஏற்றது. வாட்ஸ்அப்பில் வாடிக்கையாளர் அனுப்பும் தமிழ் யூனிகோடுதான். அதைப் பழைய மென்பொருளில் ஒட்டினால் கேள்விக்குறிகளாக வருவதற்குக் காரணம், அந்த மென்பொருளுக்கு யூனிகோடு எண்களைப் பெறவே தெரியாது. எழுத்துருவை மாற்றிப் பார்ப்பதால் இது தீராது. யூனிகோடைப் பாமினியாக மாற்றித் தரும் கருவி வழியாகத்தான் கொண்டுவர வேண்டும்.

பழைய தமிழ் டைப்பிங் கருவிகளும் தொல்லை தரும். அவற்றில் பல, நாம் தட்டும் விசையை இடைமறிப்பதற்காக மற்ற மென்பொருளுக்குள் தம் பகுதி ஒன்றை நுழைக்கின்றன. 32 பிட் பகுதி 64 பிட் மென்பொருளுக்குள் நுழைய முடியாது. 2012-இல் வந்த எக்ஸ்6 முதல் கோரல்டிரா 64 பிட்டாகவும் கிடைப்பதால், நோட்பேட் போன்ற ஒன்றில் தமிழ் வந்தும் கோரலில் வரவில்லை என்ற குழப்பம் இங்கிருந்தும் வரலாம். எழுத்துருவை நிறுவும்போது, கணினியின் எல்லாப் பயனருக்கும் என்ற தெரிவைத் தேர்ந்தெடுங்கள். சாதாரணமாக நிறுவினால் புதிய விண்டோஸ் அதைப் பயனரின் தனி ஃபோல்டரில் வைத்துவிடும். பழைய மென்பொருள் அங்கே தேடாமல் போகலாம்.

கம்பாடிபிலிட்டி மோடு எதற்கு உதவும்?

மென்பொருளின் ஐகானில் வலது கிளிக் செய்து, பிராப்பர்டீஸில் "விண்டோஸ் எக்ஸ்பி" என்று தேர்ந்தெடுக்கும் வசதியே கம்பாடிபிலிட்டி மோடு. அதனால் கணினிக்குள் எக்ஸ்பி வந்துவிடாது. விண்டோஸ் தன் பதிப்பு எண்ணை மாற்றிச் சொல்கிறது. சில கோரிக்கைகளுக்குப் பழைய பாணியில் பதில் தருகிறது. புதிய பதிப்பு எண்ணைக் கண்டு மிரண்டு நிற்கும் மென்பொருளுக்கு இது நல்ல மருந்து. 16 பிட் சிக்கலுக்கும் டிரைவர் சிக்கலுக்கும் இதனால் எந்தப் பயனும் இல்லை.

அமைப்புகளைத் தன் சொந்த ஃபோல்டரிலேயே எழுதும் பழக்கம் பழைய மென்பொருள்களுக்கு உண்டு. விஸ்டாவுக்குப் பிறகு புரோகிராம் ஃபைல்ஸுக்குள் அப்படி எழுத அனுமதி இல்லாததால், விண்டோஸ் அவற்றை வர்ச்சுவல் ஸ்டோர் என்ற மறைவான ஃபோல்டருக்குத் திருப்பிவிடுகிறது. சேமித்த செட்டிங் காணாமல் போகிறதென்றால், மென்பொருளைச் சி டிரைவில் தனி ஃபோல்டர் ஒன்றில் நிறுவிப் பாருங்கள்.

இந்தப் பகுதிகளின் சாரம்: கேபிள், எழுத்துரு, எழுதும் அனுமதி ஆகியவற்றால் வரும் தடைகள் பெரும்பாலும் காசில்லாமல் அல்லது சிறு செலவில் தீரும். 16 பிட் மென்பொருளுக்கும் டிரைவர் கிடைக்காத டாங்கிளுக்கும் மட்டுமே அடுத்த வழி தேவைப்படும்.

கணினிக்குள் பழைய கணினி

ஒரு கணினிக்குள் மென்பொருளாலேயே இன்னொரு முழுக் கணினியை உருவாக்கி, அதில் பழைய இயங்குதளத்தை ஓட்டலாம். இதற்கு மெய்நிகர்க் கணினி என்று பெயர். ஆரக்கிளின் வர்ச்சுவல்பாக்ஸ் இதற்கு ஏற்றது, இலவசமாகக் கிடைக்கிறது. அதற்குள் எக்ஸ்பி நிறுவினால் 16 பிட் மென்பொருளும் ஓடும். யூ.எஸ்.பி. டாங்கிளை உள்ளே திருப்பிவிட்டால், எக்ஸ்பியின் பழைய டிரைவரே அதைக் கையாண்டுகொள்ளும். பிளாட்டர் கேபிளையும் அப்படியே திருப்பலாம். விண்டோஸ் புரோவுடன் வரும் ஹைப்பர்-வி, யூ.எஸ்.பி. கருவிகளை இப்படி உள்ளே விடாது என்பதால் டாங்கிள் உள்ளவர்கள் அதைத் தேர்ந்தெடுக்க வேண்டாம். பேரலல் டாங்கிளுக்கு இந்த வழியும் பெரும்பாலும் உதவாது. எக்ஸ்பிக்கு முறையான உரிமம் தேவை என்பதையும் மறக்கக் கூடாது.

பேரலல் டாங்கிள் மட்டுமே உள்ளவர்களுக்கு நான் சொல்வது, பழைய கணினியை வெட்டும் வேலைக்கென்றே தனியாக வைத்துக்கொள்ளுங்கள் என்பதே. இணையத்தை முழுவதுமாகத் துண்டித்துவிடுங்கள். எக்ஸ்பிக்கான பாதுகாப்புத் திருத்தங்கள் 2014 ஏப்ரல் 8-உடன் நின்றுவிட்டன. புதிய கணினியிலிருந்து அதற்கு நெட்வொர்க் வழியே கோப்பு அனுப்ப முயன்றால் பெரும்பாலும் இணையாது. எக்ஸ்பி பயன்படுத்தும் பழைய கோப்புப் பகிர்வு முறையை விண்டோஸ் 10 தன் 2017-ஆம் ஆண்டுப் பதிப்பிலிருந்து இயல்பாக விட்டுவிட்டதே காரணம். அதை மீண்டும் இயக்குவதைவிடப் பென் டிரைவில் எடுத்துச் செல்வது பாதுகாப்பானது.

எந்த வழியைத் தேர்ந்தெடுத்தாலும், பழைய கணினி நன்றாக ஓடும்போதே அதன் ஹார்ட் டிஸ்க் முழுவதையும் ஒரே படிமக் கோப்பாக வேறொரு வட்டில் பிரதி எடுத்துவிட வேண்டும். பிளாட்டரின் காம் எண், பாட் ரேட் எனப்படும் தரவு அனுப்பும் வேகம், வெட்டும் வேகம், கத்தியின் அழுத்தம் ஆகிய செட்டிங்குகளைத் திரையில் பார்த்துத் தாளில் எழுதிக்கொள்ளுங்கள். பிறகு, அடிக்கடி தேவைப்படும் வடிவமைப்புகளை ஒவ்வொன்றாகத் திறந்து, எழுத்துகளைக் கோடுகளாக மாற்றி, இ.பி.எஸ். அல்லது பி.டி.எஃப். வடிவில் தனிப் பிரதி சேமியுங்கள். எழுத்துகளைத் திருத்தக்கூடிய மூலக் கோப்பும் கூடவே இருக்கட்டும். அந்தப் பழைய வடிவத்தைத் திறக்கக்கூடிய ஒரே மென்பொருள் உங்கள் கையில் ஓடும் காலத்திலேயே இதை முடித்தாக வேண்டும். ஹார்ட் டிஸ்க் நின்ற பிறகு டாங்கிள் பத்திரமாக இருந்தும் பயன் இருக்காது.